சாய்வு

கிருஷ்ணகிரி ரவுண்டானா பக்கத்துக் கடையில்
ஏழாயிரத்து ஐந்நூறுக்கு வாங்கினேன்.
ஒரு கிலோவுக்கும் குறைவு.
தக்காளி நிறுப்பவர்போல
தராசில் வைத்தே காட்டினார் கடைக்காரர்.
"நாலு ஜிபி ராம். படம் பாக்கலாம், படிக்கலாம்.
கேம் மட்டும் கேக்காதம்மா."

கேட்டேன்.

கெலமங்கலம் சாலை விடுதி, மூன்றாம் மாடி.
ஆறு கட்டில், ஒரு பிளக்.
முனிரத்னாவின் ஃபோன் குளியலறை வாளிக்குள்
விழுந்து செத்ததிலிருந்து
அவளுடைய லாரி நாற்பத்தோராம் லெவலில்
ஒரு கொண்டை ஊசி வளைவில் நிற்கிறது,
இண்டிகேட்டரை மினுக்கிக்கொண்டு.
பத்தொன்பது நாள்.
அதை நகர்த்தத்தான் இத்தனையும்.

முதலில் இடம் வேண்டுமாம்.
கம்பெனி அனுப்பிய பாதுகாப்பு வீடியோவை அழித்தேன்.
டிப்ளமோ பாடம் ஏழில் நான்கை.
சங்கவியின் அக்கா கல்யாண ஆல்பத்தில்
பந்திப் படங்களை மட்டும்
(பாயசம் தெரியும் ஒன்றை விட்டுவைக்கச் சொன்னாள்).
பிறகு அணைத்துப் போட்டு, எஃப் டூ தட்டித் தட்டி,
நீலத் திரைக்குள் நுழைந்து
வர்ச்சுவலைசேஷன் என்ற வரியைத் தேடினேன்.
'வேண்டாம்' என்றிருந்தது. 'ஆம்' ஆக்கினேன்.
எங்கள் வீட்டில்
அதே சொல்லை அப்படி மாற்ற
இரண்டு வருடம் ஆனது எனக்கு.

நள்ளிரவு தாண்டினால்
ஆளுக்கு ஒன்றரை ஜிபி புதிதாய் முளைக்கும்.
ஜெபஷீலாவின் ஹாட்ஸ்பாட்டில் எமுலேட்டர் இறங்கியது.
சங்கவியுடையதில் விளையாட்டு, எழுபத்து மூன்று சதம் வரை.
மிச்சத்துக்கு என்னுடையது.
ஃபேன் இல்லாத ரகம் இது,
மூச்சு விடாமல் சுடுகிறது.
சாப்பாட்டுத் தட்டைக் கவிழ்த்து அதன்மேல் வைத்தோம்.
ஜன்னலைத் திறந்தோம்.
ஓசூர்ப் பக்கத்து மார்கழி உள்ளே வந்து
எல்லாக் கட்டிலிலும் உட்கார்ந்தது.
கணினிக்காக ஆறு பேர் நடுங்கினோம்.

எந்த ஃபோனாக இருக்கட்டும் என்று கேட்டது.
மாடல்களின் பட்டியல்.
இறக்கிக்கொண்டே போனேன்.
அடியில் இருந்தது
எங்கள் லைனில் ஓடும் எண்.
ஒரு ஷிஃப்டுக்கு அறுநூறு முறை
என் கையுறைக்குள் வந்து போவது.
வாங்குவதானால் ஐந்து மாதம் பட்டினி.

தட்டினேன்.
அடையாள அட்டை கேட்கவில்லை, பை திறந்து பார்க்கவில்லை,
சரி, இனி நான் அதுதான் என்றது.

பாஸ்வேர்டுக்கு எங்களைத் திரும்பி நிற்கச் சொன்னாள் முனிரத்னா.
சுவரைப் பார்த்தபடி எண்ணினோம்: பதினொரு தட்டு.
"யாரு பேருடி அவ்ளோ நீளம்?" என்றாள் ஜெபஷீலா.
பதிலில்லை.

லாரி இருந்தது.
அதே வளைவு. மினுக்கல்.
மணி மூன்றே கால்.
திரையில் ஒரு வரி வந்தது:
ஃபோனைச் சாய்த்து ஓட்டவும்.

சாய்த்தாள்.
தட்டு உருண்டு கட்டிலுக்கடியில் போய்ச் சுழன்றது.
லாரி நேராகப் போனது.
இன்னும் சாய்த்தாள், குழந்தையைப் படுக்கவைப்பதுபோல்.
இல்லை, இதற்குள் அந்தப் புலன் இல்லை,
பெயரைச் சொன்னோம், உடம்பை யார் தருவது?
ஆறு பேரும் இடப்பக்கம் சாய்ந்தோம்
தலையணை, போர்வையோடு.
"ஏசப்பா" என்றாள் ஜெபஷீலா.
லாரி தடுப்பைத் தாண்டி, நின்று,
கொஞ்சம் விழுந்து, நின்று,
மறுபடி கொஞ்சம் விழுந்தது.
பள்ளத்தில் விழுவதற்கே ஒன்றரை நிமிடம்.
சிரித்த சிரிப்பில் வார்டன் கதவைத் தட்டினார்.

ஐந்தரை வேன்.
ஆறேகாலுக்குத் தொப்பி, அங்கி, காலுறை.
என் வேலை டெஸ்டிங்.
எடு. இடது. வலது. முன். பின்.
பச்சை விளக்கு. வை.
எடு. இடது. வலது.

நூற்றுப் பன்னிரண்டாவதை
இடப்பக்கம் கொஞ்சம் கூடுதலாய்ச் சாய்த்திருக்கிறேன்,
தோளோடு, இடுப்போடு.
பச்சை எப்போதோ எரிந்துவிட்டது.
கை நிமிரவில்லை.

"என்னம்மா அங்க?" என்றார் சூப்பர்வைசர்.

"வளைவு சார்."